சம்பந்தி வீட்டில் முதல் நாள்

தமிழ்நாட்டை விட்டு வந்து கொச்சியில் இரண்டு மூன்று தலைமுறையாக வாழும் நம் குடும்பங்களில் இப்போது அடிக்கடி காதில் விழும் பேச்சு ஒன்று உண்டு. "பையன் மலையாளிப் பொண்ணைச் சொல்றான்", "பொண்ணு கொங்கணிப் பையனைக் கட்டிக்கணும்கிறா", "குஜராத்திக் குடும்பமாம், நல்லவங்களாம், ஆனா என்ன பேசறதுன்னே தெரியலை" என்பதுதான் அது. காதல் சரியா, கலப்பு மணம் சரியா என்று வாதாடுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. அது அவரவர் வீட்டு விஷயம். பிள்ளைகள் மனம் ஒன்றிய பிறகு இரு வீட்டுப் பெற்றோரும் முதன்முதலாக முகம் பார்க்கும் அந்த ஒரு நாளைப் பற்றி மட்டும் எழுத விரும்புகிறேன். அந்த நாளில் ஏற்படும் பல சங்கடங்களுக்குக் கெட்ட எண்ணம் காரணமன்று. சொல்லும் வழக்கமும் பிடிபடாமைதான் காரணம் என்பது என் கருத்து. முப்பது ஆண்டுகளுக்கு மேலாக மட்டாஞ்சேரியில் குடியிருந்து, உறவிலும் நட்பிலும் இப்படிப் பல சந்திப்புகளுக்கு நடுவில் உட்கார்ந்தவன் என்ற முறையில் இதைச் சொல்கிறேன்.

மட்டாஞ்சேரி இதற்குப் பொருத்தமான இடம். ஒருவர் காலையில் நடக்கக் கிளம்பினால், திருமலை தேவஸ்வம் கோயிலைச் சுற்றிக் கொங்கணி கேட்கும். குஜராத்தித் தெருவில் குஜராத்தி கேட்கும். கடைவீதியில் கச்சி மேமன்கள், யூதத் தெருவில் பழைய ஜெப ஆலயம், கொஞ்சம் தள்ளி ஃபோர்ட் கொச்சி வெளியில் தமிழ். டச்சுக்காரர் காலத்தில் படைவீரர்களின் உடை வெளுக்க அழைத்து வரப்பட்ட தமிழ் வண்ணார் குடும்பங்களின் வழிவந்தோர் இன்றும் அங்கே சலவைத் துறை நடத்துகிறார்கள். இத்தனை பேரும் ஒரே குழாயில் தண்ணீர் பிடித்து, ஒரே படகில் எறணாகுளம் போய் வந்தவர்கள். ஆனால் பெண் கொடுத்துப் பெண் எடுப்பது என்று வந்தால் ஒவ்வொருவரும் தத்தம் வேலிக்குள்தான் இருந்தார்கள். அந்த வேலியைத் தாண்டும் பிள்ளைகள் இப்போது பெருகிவிட்டதால்தான் இந்த முதல் நாள் ஒரு பெரிய நாளாக ஆகியிருக்கிறது.

மாமா என்ற ஒரே சொல்

நம் முன்னோருக்கு இப்படி ஒரு முதல் நாள் பெரும்பாலும் இருந்ததில்லை. அதற்குச் சான்று நம் உறவுச் சொற்களிலேயே இருக்கிறது. அம்மாவின் உடன்பிறந்தவர் மாமா. அப்பாவின் சகோதரியை மணந்தவரும் மாமா. மனைவியின் தந்தையும் மாமாதான். மாமனார், மாமியார் என்னும் சொற்களைப் பிரித்துப் பாருங்கள். மாமன், மாமி என்னும் சொற்களோடு 'ஆர்' என்ற மரியாதை விகுதி சேர்ந்திருக்கிறது, அவ்வளவுதான். மணத்தால் வந்த உறவுக்கென்று தனிச்சொல் தேவைப்படவில்லை. அத்தை மகளையோ மாமன் மகளையோ கட்டுவது முறை என்றிருந்த சமூகத்தில், மாமியாராக வருபவர் ஏற்கெனவே அத்தை. நம்மைத் தொட்டிலில் போட்டு ஆட்டியவர். அவர் முன்னால் போய் நிற்க என்ன பயம்?

இந்த அமைப்பை மேல்நாட்டு அறிஞர்களும் வியந்து ஆராய்ந்திருக்கிறார்கள். அமெரிக்கரான லூயிஸ் ஹென்றி மார்கன் 1871-இல் வெளியிட்ட உறவுமுறை நூலில் தமிழ் உறவுச் சொற்களைப் பட்டியலிட்டு ஆராய்ந்தார். தாமஸ் டிரவுட்மன் 1981-இல் 'திராவிட உறவுமுறை' என்ற பெயரிலேயே ஆங்கிலத்தில் ஒரு பெரிய நூல் எழுதினார். இரத்த உறவையும் மண உறவையும் ஒரே சொற்களுக்குள் அடக்கிவிடும் ஏற்பாடுதான் இதன் சிறப்பு என்பது இவர்கள் ஆய்வின் சாரம்.

கேரளத்திலும் பல சாதியாரிடம் முறைப்பெண் வழக்கம் இருந்தது. எம்.டி. வாசுதேவன் நாயர் திரைக்கதை எழுதிய 'முறப்பெண்ணு' என்ற மலையாளப் படம் 1965-இல் வந்ததை மூத்தவர்கள் நினைவில் வைத்திருப்பார்கள். மலையாளத்திலும் அம்மாயி என்றால் அம்மாவனின், அதாவது தாய்மாமனின் மனைவி. மாமியாரை அம்மாயியம்ம என்பார்கள். ஆனால் நம்மில் கொங்கு நாட்டிலிருந்து வந்தவர்களுக்கு அம்மாயி என்றால் அம்மாவைப் பெற்ற பாட்டி. இப்படி ஒரே சொல் ஒரு தலைமுறை மேலே கீழே போய்விடும். முதல் நாளிலேயே "அம்மாயி எவிட?" என்று கேட்டால், ஒருவர் பாட்டியைத் தேடுவார், இன்னொருவர் மாமியைக் கூப்பிடுவார்.

ஆக, முறை விட்டுக் கட்டும்போதுதான் முதல் நாள் என்ற ஒன்று உண்டாகிறது. அந்நியராக இருக்கும் ஒருவரை மாமா என்று அழைக்க வேண்டியிருக்கிறது. உறவு இருந்து சொல் வந்தது போய், சொல்லைச் சொல்லி உறவை உண்டாக்க வேண்டிய நிலை. தயக்கம் வருவது இயற்கை. அதைப் பிள்ளைகளின் குற்றமாகவோ பெற்றோரின் அகம்பாவமாகவோ எடுத்துக்கொள்ளக் கூடாது.

அறத்தொடு நிற்றல்

அப்படியானால் நம் மரபில் இதற்கு வழிகாட்டலே இல்லையா என்றால், இருக்கிறது. சங்க அகப்பாடல்களில் வரும் காதலர்கள் பெற்றோர் பேசி வைத்துச் சேர்ந்தவர்கள் அல்லர். தாமே எதிர்ப்பட்டு மனம் ஒன்றியவர்கள். அந்தக் களவு வாழ்க்கையைப் பெற்றோருக்குத் தெரிவிக்கும் கட்டத்துக்குத் தமிழ் இலக்கணம் வைத்த பெயர் 'அறத்தொடு நிற்றல்'. இந்தப் பெயரைக் கவனிக்க வேண்டும். குற்றத்தை ஒப்புக்கொள்வது என்ற பொருள் இதில் இல்லை. மகள் ஒருவனை மனத்தால் வரித்துவிட்டாள், அந்த உறுதியைக் காப்பது அறம், அந்த அறத்தின் பக்கம் நின்று பேசுகிறேன் என்பதே இதன் கருத்து.

யார் யாரிடம் சொல்வது என்பதற்கும் வரிசை உண்டு. தலைவி தோழியிடம் சொல்வாள். தோழி செவிலித்தாயிடம் சொல்வாள். செவிலி நற்றாயிடம் சொல்வாள். தந்தையும் தமையன்மாரும் குறிப்பால் உணர்ந்துகொள்வார்கள் என்கிறது தொல்காப்பியம். பெண் நேராகப் போய் அப்பாவின் முன்னால் நின்று சொல்லுமாறு எங்கும் வைக்கவில்லை. செய்தி ஒவ்வொரு கையாக மாறிப் போகும்போது அதன் சூடு தணிந்துவிடுகிறது. கேட்பவருக்கும் யோசிக்க நேரம் கிடைக்கிறது.

எப்படிச் சொல்வது என்பதற்கும் தொல்காப்பியப் பொருளியல் ஏழு வழிகளைத் தொகுத்துத் தருகிறது. எளித்தல் என்பது, அவன் நம்மிடம் பணிவாக நடப்பவன் என்று சொல்வது. ஏத்தல் என்பது அவன் சிறப்பை எடுத்துச் சொல்வது. வேட்கை உரைத்தல் என்பது இருவரும் எவ்வளவு விரும்புகிறார்கள் என்பதைச் சொல்வது. கூறுதல் உசாவுதல் என்பது குறி கேட்பது போன்ற சந்தர்ப்பங்களில் விஷயத்தை மெல்ல எடுப்பது. ஏதீடு என்பது, அவன் இன்ன உதவி செய்தான் என்று காரணம் காட்டுவது. தலைப்பாடு என்பது, இருவரும் தற்செயலாகச் சந்தித்தார்கள், யாரும் திட்டமிடவில்லை என்று சொல்வது. கடைசியாக உண்மை செப்பல், நடந்ததை நடந்தபடி சொல்லிவிடுவது.

இந்த ஏழும் இன்றைக்கும் நம் வீடுகளில் நடப்பவைதானே! "பையன் ரொம்ப அடக்கம்" என்றால் எளித்தல். "கேரளா யூனிவர்சிட்டியில ரேங்க் வாங்கினவன்" என்றால் ஏத்தல். "எனக்கு டைஃபாய்டு வந்தப்ப அவங்க வீட்டுலேருந்துதான் கஞ்சி வந்துச்சு" என்றால் அசல் ஏதீடு. "ஒரே ஆபீஸ்மா, நாங்க ஒண்ணும் தேடிப் போகலை" என்றால் தலைப்பாடு. உண்மை செப்பலைக் கடைசியில் வைத்திருப்பது ஈண்டு நோக்கத்தக்கது. உண்மையை மறைக்கச் சொல்லவில்லை. அதைக் கேட்கும் பக்குவத்தை முதலில் உண்டாக்கு என்கிறார்கள்.

பத்துப்பாட்டில் ஒன்றான குறிஞ்சிப்பாட்டு முழுவதும் இந்த அறத்தொடு நிற்றல்தான். கபிலர் பாடிய 261 அடிகள். தினைப்புனம் காக்கப் போன பெண்களின் அருவிக் குளியலையும், அவர்கள் பறித்துக் குவித்த 99 பூக்களையும், யானையிடமிருந்து தலைவன் காத்ததையும் தோழி செவிலிக்கு எடுத்துச் சொல்கிறாள். இந்தப் பாட்டு ஆரிய அரசன் பிரகதத்தனுக்குத் தமிழை அறிவிப்பதற்காகப் பாடப்பட்டது என்பது மரபு. வேற்று மொழிக்காரர் ஒருவருக்குத் தமிழர் வாழ்வைக் காட்ட வேண்டும் என்று வந்தபோது, கபிலர் போர்ப்பாட்டை எடுக்கவில்லை. மகளின் காதலைத் தாய்க்குப் பக்குவமாக எடுத்துச் சொல்லும் பாட்டைத்தான் எடுத்தார். வேற்று மொழி வீட்டோடு சம்பந்தம் செய்யும் நமக்கு இது பொருத்தமான செய்தி. கபிலர் சேர மன்னன் செல்வக்கடுங்கோ வாழியாதனைப் பாடியவர். நாம் இப்போது வாழ்வதும் அந்தப் பழைய சேர நாடுதான்.

மாப்பிள்ளையும் மாப்பிளயும்

நம் வீட்டில் மாப்பிள்ளை என்றால் மணமகன் அல்லது மருமகன். நண்பர்களுக்குள்ளும் "வாடா மாப்ளே" என்போம். கேரளத்தில் மாப்பிள என்றால் இன்று பெரும்பாலும் முஸ்லிம்களைக் குறிக்கும். முன்பு இது முஸ்லிம்களுக்கு மட்டும் உரிய சொல்லாக இருக்கவில்லை. முஸ்லிம்களை ஜோனக மாப்பிள என்றும், கிறிஸ்தவர்களை நஸ்ராணி மாப்பிள என்றும், யூதர்களை ஜூத மாப்பிள என்றும் அழைத்தார்கள். கடல் வழி வந்த மூன்று சமயத்தாருக்கும் பொதுவான பெயராக அது இருந்தது.

இச்சொல்லின் பிறப்பைப் பற்றி அறிஞரிடையே ஒருமித்த கருத்து இல்லை. 'மகா பிள்ளை' அல்லது 'மா பிள்ளை' என்ற மரியாதைப் பட்டமே இப்படி ஆயிற்று என்பர் சிலர். வணிகத்துக்காக வந்து இந்த மண்ணில் பெண் எடுத்துத் தங்கியவர்களை ஊரார் 'மருமகன்' என்ற பொருளில் அழைத்ததே நிலைத்தது என்பர் வேறு சிலர். எது சரியாக இருந்தாலும், வெளியிலிருந்து வந்தவனுக்கு இந்தக் கடற்கரை கொடுத்தது மரியாதைப் பெயர் என்பதில் ஐயமில்லை. அந்நியன் என்ற பொருளில் ஒரு சொல்லைக் கொடுத்து நிறுத்தவில்லை.

ஆனாலும் பழக்கத்தில் ஒரு எச்சரிக்கை தேவை. மலையாளி வீட்டில் போய், "எங்கள் மாப்பிள்ளை" என்று நாம் பெருமையாகச் சொன்னால், கேட்பவர் பையன் முஸ்லிமா என்று ஒரு கணம் விழிக்கக்கூடும். அங்கே மணமகனுக்குச் சொல் வரன் அல்லது செக்கன். மருமகனுக்கு மருமகன்தான், நம் சொல்லேதான்.

யூதத் தெருவில் நடந்தது

வேலிகள் மொழியாலும் சமயத்தாலும் மட்டும் ஏற்படுபவை அல்ல என்பதை மட்டாஞ்சேரியின் யூதத் தெரு நமக்குக் காட்டுகிறது. 1568-இல் கட்டப்பட்ட பரதேசி ஜெப ஆலயத்தைப் பார்க்கச் சுற்றுலாப் பயணிகள் நாள்தோறும் வருகிறார்கள். அந்தத் தெருவில் ஒரு சாலை ஏ.பி. சேலம் என்பவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. பெயரைப் பார்த்து நம்ம சேலத்துக்காரர் என்று எண்ணிவிட வேண்டாம். ஆபிரகாம் பராக் சேலம் கொச்சி யூதர். 1882-இல் பிறந்து 1967-இல் மறைந்தவர். வழக்கறிஞர். கொச்சி சட்டமன்றத்தில் உறுப்பினராக இருந்தவர். 1929 லாகூர் காங்கிரஸ் மாநாட்டுக்குப் போய் வந்தவர். காந்தியின் வழியில் சத்தியாக்கிரகம் செய்ததால் யூத காந்தி என்று பெயர் பெற்றவர்.

அவருடைய சத்தியாக்கிரகம் சொந்த ஜெப ஆலயத்துக்குள்தான் நடந்தது. விடுதலை செய்யப்பட்ட அடிமைகளின் வழிவந்தோர் என்று கருதப்பட்ட குடும்பங்களுக்கு அங்கே வெள்ளை யூதருக்குச் சமமான உரிமை இருக்கவில்லை. சேலம் அந்த வகுப்பைச் சேர்ந்தவர். தெரு ஒன்று, வேதம் ஒன்று, வீட்டில் பேசும் மலையாளமும் ஒன்று. இருந்தும் உள்ளே உட்கார இடம் வேறு. அவர் விடாமல் போராடி அந்த வேறுபாடுகளை ஒவ்வொன்றாகத் தளர்த்தினார். 1950-இல் அவருடைய மகன் பால்ஃபர், வெள்ளை யூதர் வகுப்புப் பெண் ஒருவரை மணந்தார். பெரியவர்களின் எதிர்ப்பால் அந்தத் திருமணம் கொச்சியில் நடக்க முடியவில்லை. பம்பாய் போய்த்தான் நடத்த வேண்டியிருந்தது.

அதற்குள் காலம் மாறத் தொடங்கியிருந்தது. 1948-இல் இஸ்ரேல் உருவானது. 1950-களில் கொச்சி யூதர்கள் கூட்டம் கூட்டமாகப் புறப்பட்டுப் போனார்கள். இன்று அந்தத் தெருவில் கடைகள் இருக்கின்றன, ஜெப ஆலயம் இருக்கிறது, பழைய குடும்பங்கள் இல்லை என்றே சொல்லலாம். யார் உள்ளே வரலாம், யார் வரக்கூடாது என்று அத்தனை கவனமாகக் காத்த வாசலில் இப்போது டிக்கெட் வாங்கிக்கொண்டு உலகமே நுழைகிறது. சிறு சமூகமாக வெளிமாநிலத்தில் வாழும் நாம் இதை யோசிக்க வேண்டும். நம் பிள்ளைகள் தமிழை விட்டுப் போய்விடக் கூடாதே என்ற பயம் நியாயமானது. எனக்கும் அந்தப் பயம் உண்டு. ஆனால் வாசலை அடைத்துத் தமிழைக் காப்பாற்ற முடியாது. மருமகளாக வரும் மலையாளிப் பெண்ணுக்கு நாம் தமிழ் கற்றுக் கொடுத்தால் தமிழ் பேசுபவர் ஒருவர் கூடுகிறார். பையனைத் துரத்திவிட்டால் இருக்கிற ஒருவரும் குறைகிறார்.

சோதிக்க வந்தவர்கள்

சொல்லால் வரும் சங்கடத்துக்கு என் வீட்டில் நடந்ததையே சொல்கிறேன். என் அக்கா மகள் எறணாகுளத்தில் வேலை பார்த்தபோது எங்களோடு மட்டாஞ்சேரியில் தங்கியிருந்தாள். உடன் வேலை பார்த்த ஒரு பையனை விரும்பினாள். தோப்பும்படி பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பம். செவிலித்தாய் வேலை என் தலையில் விழுந்தது. விருதுநகரில் இருக்கும் அக்கா மூன்று மாதம் என்னிடம் போனில் பேசவில்லை. பிறகு ஒரு நாள், "வரச் சொல்லு, பார்ப்போம்" என்றாள். அக்காவும் அத்தானும் ஊரிலிருந்து வந்தார்கள். பையனின் பெற்றோரும் ஒரு பெரியப்பாவும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள்.

உட்கார்ந்ததும் பெரியவர் நல்ல மனதோடு சொன்னார்: "ஞங்ஙள் பெண்ணு சோதிக்கான் வந்நதாணு." அக்காவின் முகம் சிவந்துவிட்டது. என் பக்கம் திரும்பி, "என் பொண்ணைச் சோதிக்க இவங்க யாருடா?" என்றாள். நான் உடனே விளக்கினேன். மலையாளத்தில் சோதிக்குக என்றால் கேட்பது. அவர்கள் பெண் கேட்டு வந்திருக்கிறார்கள். தமிழில் சோதித்தல் என்றால் பரீட்சை செய்வது. ஒலியில் இரண்டும் ஏறக்குறைய ஒன்று. ஆனால் மூலம் வேறு வேறு. வடமொழியில் தூண்டுதல் என்ற பொருளுடைய வேரிலிருந்து வந்தது அவர்கள் சொல். தூய்மை பார்த்தல் என்ற பொருளுடைய வேரிலிருந்து வந்தது நம் சொல். இதை நான் இரண்டு மொழியிலும் மாறி மாறிச் சொன்னதும், பையனின் அம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அக்காவுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அன்று பேசிய பேச்செல்லாம் அதற்குப் பிறகுதான் ஆரம்பமாயிற்று.

இந்த ஒரு சொல்லிலேயே முதல் நாளின் தத்துவம் இருக்கிறது என்று பின்னாளில் தோன்றியது. சோதிக்கப் போகிறோம், சோதிக்கப்படுகிறோம் என்று நினைப்பதால்தான் இரு தரப்பும் விறைத்துக்கொண்டு உட்காருகின்றன. உண்மையில் அது கேட்க வந்த நாள். கேட்பவர் பணிவார். கேட்கப்படுபவர் யோசித்துப் பதில் சொல்வார்.

இன்னும் சில சொற்களையும் தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது. வெள்ளம் என்றால் அங்கே குடிக்கிற தண்ணீர். கறி என்றால் சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளும் எதுவும், "கறி வேணோ?" என்றதும் சைவக்காரர் பதற வேண்டாம். பட்டி என்றால் நாய். "எங்க பூர்வீகம் உசிலம்பட்டி" என்றால் சிறு பிள்ளைகள் சிரிக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். முக்கியமாக, "சம்பந்தம் பேச வந்திருக்கிறோம்" என்பதைத் தவிர்த்துவிடலாம். நமக்கு அது மங்கலமான சொல். கேரளத்தில் சம்பந்தம் என்பது மருமக்கத்தாயக் காலத்தில் இருந்த ஒரு மணமுறையின் பெயர். தாய்வழிக் குடும்பத்துப் பெண்ணை அவள் தறவாட்டுக்கே கணவன் வந்து போகும் முறை அது. அதை ஒரு காலத்தில் பெரிய விவாதத்துக்குள்ளாக்கிச் சட்டங்கள் மூலம் மாற்றினார்கள். வயதானவர்கள் காதில் அந்தச் சொல் வேறு விதமாக விழும். கல்யாண ஆலோசனை என்று சொல்லுங்கள், போதும்.

எப்படி அழைப்பது, என்ன கொண்டு போவது

நம் மொழியில் 'நீங்கள்' என்றால் மரியாதை தீர்ந்தது. கொச்சிப் பக்கத்து மலையாளத்தில் பெரியவரை 'நிங்ஙள்' என்றால் சற்று மட்டுமரியாதையாகத் தோன்றும். அங்கே பெரியவர்களிடம் பேசும்போது நீ, நீங்கள் எல்லாவற்றையும் விட்டுவிட்டு உறவுப் பெயரையே சொல்வார்கள். "அச்சன் எப்போ வந்நு?" என்று அவரிடமே கேட்பது வழக்கம். எனவே நம் பிள்ளை போகும்போது, பையனோ பெண்ணோ தன் பெற்றோரை எப்படி அழைக்கிறார்கள் என்று முன்கூட்டிக் கேட்டு வைத்துக்கொள்ள வேண்டும். இந்து வீடுகளில் அச்சன், அம்ம. முஸ்லிம் வீடுகளில் வாப்ப, உம்ம. கிறிஸ்தவ வீடுகளில் அப்பச்சன், அம்மச்சி என்ற வழக்கும் உண்டு. சில வீடுகளில் அது பாட்டன் பாட்டியைக் குறிக்கும். மூத்தவர்களைச் சேட்டன், சேச்சி என்றும், முஸ்லிம் வீடுகளில் இக்கா, இத்தா என்றும் அழைப்பார்கள். குஜராத்தி வீடுகளில் பெயரோடு பாய், பென் சேர்த்தால் மரியாதை வந்துவிடும். முதல் நாளே அச்சன் என்று அழைக்க நா எழாவிட்டால் அங்கிள், ஆன்ட்டி என்பதில் தவறொன்றும் இல்லை.

அடுத்தது சாப்பாடு. நம் ஊர்ப்பக்கம் பேச்சு முடிவாகும் முன் அந்த வீட்டில் கை நனைக்கக் கூடாது என்பார்கள். காபி பலகாரத்தோடு எழுந்துவிடுவது மரியாதை. இலை போட்டுச் சோறு சாப்பிட்டால் சம்மதம் என்று பொருள். கேரளத்து வீடுகளில் உச்சி நேரத்தில் போய்விட்டு ஊணு வேண்டாம் என்றால் அவமதித்ததாக நினைத்துக்கொள்வார்கள். இரண்டும் நல்ல வழக்கம்தான், ஆனால் மோதிக்கொள்ளும். அதற்கு எளிய வழி, மாலை நான்கு மணிக்குப் போவது. சாயா, நேந்திரங்காய் உப்பேரி, பழம்பொரியோடு முடிந்துவிடும். சைவம் என்றால் முன்னாடியே நடுவில் உள்ளவர் மூலம் சொல்லிவிடுங்கள். கொச்சியில் விருந்தாளிக்கு மீன் பொரிக்காமல் இருப்பது அவர்களுக்குக் குறையாகப் படும். அங்கே போய் உட்கார்ந்த பிறகு சொன்னால் வீட்டம்மாளுக்குக் கஷ்டம்.

தாம்பூலத் தட்டில் தேங்காய், பழம், வெற்றிலை பாக்கு, குங்குமம் வைத்துக்கொண்டு போவது நம் வழக்கம். வேற்றுச் சமய வீட்டுக்குப் போகும்போது பழமும் பூவும் இனிப்பும் போதும். குங்குமத்தை நீட்டினால் வாங்குவதா வேண்டாமா என்று அவர்களுக்குத் தர்மசங்கடம். அதேபோல அவர்கள் ஜெபம் சொல்லிச் சாப்பிட ஆரம்பித்தால் நாம் ஒரு நிமிஷம் கை வைக்காமல் காத்திருந்தால் போதும். விடைபெறும்போது, "எந்நால் ஞங்ஙள் இறங்ஙட்டே" என்பார்கள். கிளம்பட்டுமா என்று பொருள். "போயிட்டு வர்றோம்" என்று நாம் சொல்வதை அவர்களும் சொல்வார்கள். அதில் மட்டும் இரு வீடும் ஒன்று.

முதல் நாள் பேசக் கூடாதவையும் உண்டு. எந்த முறையில் கல்யாணம், பிள்ளைகள் எந்தச் சமயத்தில் வளரும், நகை எவ்வளவு, இந்த மூன்றையும் அன்று எடுக்க வேண்டாம். முதல் இரண்டையும் பிள்ளைகள் இருவரும் தமக்குள் பேசித் தெளிந்த பிறகு பெரியவர்கள் பேசலாம். கிறிஸ்தவர்களிடம் கல்யாணத்துக்கு முன் பள்ளியில் மனசம்மதம் என்றொரு சடங்கு உண்டு. மணமக்களின் சம்மதத்தைக் குருவானவர் கேட்டறிவது. அது போன்றவற்றைப் பற்றி முன்பே விசாரித்து வைத்துக்கொண்டால் அப்போது அதிர்ச்சி இருக்காது. மூன்றாவதைப் பற்றிச் சொல்ல ஒன்றே ஒன்றுதான். 1961-ஆம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டப்படி கேட்பதும் குற்றம், கொடுப்பதும் குற்றம்.

சட்டம் சொல்வது

வேறு வேறு சமயத்தவர் மதம் மாறாமல் மணந்துகொள்ள 1954-ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டம் வழி செய்கிறது. இருவரில் ஒருவராவது 30 நாள் தங்கியிருக்கும் மாவட்டத்தின் திருமண அலுவலரிடம் அறிவிப்புக் கொடுக்க வேண்டும். அலுவலகத்தில் அது ஒட்டப்படும். 30 நாள் கழித்து மூன்று சாட்சிகள் முன்னிலையில் திருமணம் செய்யலாம். அறிவிப்புக் கொடுத்த மூன்று மாதத்துக்குள் நடத்தாவிட்டால் புதிதாகக் கொடுக்க வேண்டும். ஆணுக்கு 21, பெண்ணுக்கு 18 வயது நிறைந்திருக்க வேண்டும். பெற்றோருக்குப் பிடிக்கவில்லை என்பது ஆட்சேபணைக்குரிய காரணமாகாது. வயது வந்தவர் தன் துணையைத் தானே தேர்ந்துகொள்வது அவரவர் உரிமை என்று கேரளத்திலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018-இல் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

அதே 2018-இல்தான் கோட்டயத்தில் காதல் மணம் செய்துகொண்ட ஒரு தலித் கிறிஸ்தவ இளைஞர் பெண்ணின் உறவினரால் கடத்திக் கொல்லப்பட்டார். 2019-இல் கோட்டயம் நீதிமன்றம் அதை ஆணவக் கொலை என்று தீர்மானித்து, பெண்ணின் உடன்பிறந்தவன் உட்படப் பத்துப் பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. படித்த மாநிலம், பண்பட்ட மாநிலம் என்று நாம் சொல்லும் இடத்திலேயே இப்படி நடக்கிறது. நம் தமிழ்நாட்டில் நடப்பதையும் நாம் அறிவோம். முதல் நாள் சந்திப்பைச் சின்ன விஷயம் என்று நான் எண்ணாததற்கு இதுவே காரணம். உட்கார்ந்து பேச ஓர் இடமும் நடுவில் ஒரு ஆளும் இருந்திருந்தால் எத்தனையோ உயிர்கள் தப்பியிருக்கும்.

முடிவாக

அக்கா மகளின் கல்யாணம் பதிவு அலுவலகத்தில் நடந்தது. அத்தானும் வந்து சாட்சிக் கையெழுத்துப் போட்டார். ஆனால் சம்பந்தி வீட்டில் அவர் இன்னும் சாயாவோடு நிறுத்திக்கொள்கிறார். சோற்றில் கை நனைக்கவில்லை. அக்கா நனைத்துவிட்டாள். எல்லாம் ஒரே நாளில் தீர்ந்துவிடும் என்று சொல்ல நான் துணிய மாட்டேன். முதல் நாள் என்பது முதல் நாள்தான். அதற்கு அடுத்த நாட்களும் உண்டு.

சங்க காலத்தில் தோழிக்கும் செவிலிக்கும் கொடுத்த இடத்தை இன்று யார் ஏற்பது என்பதே நம் முன் உள்ள கேள்வி. தனிக்குடும்பமாக வெளிமாநிலத்தில் வாழும் நம் பிள்ளைகளுக்கு அத்தையும் சித்தியும் பக்கத்தில் இல்லை. அந்த இடத்தில் நம் தமிழ்ச் சங்கங்கள் நிற்க முடியும். பொங்கல் விழாவும் பட்டிமன்றமும் நடத்தும் நாம், இரு மொழியும் அறிந்த மூத்தவர்கள் இரண்டு மூன்று பேரை இதற்கென்று வைத்துக்கொள்ளலாம். ஒரு வீட்டார் கூப்பிட்டால் போய் நடுவில் உட்கார்ந்து, இந்தச் சொல்லுக்கு அங்கே இது பொருள், இந்த வழக்கத்துக்கு இங்கே இது காரணம் என்று எடுத்துச் சொன்னால் போதும். பஞ்சாயத்து செய்யும் வேலை இல்லை இது. வயதில் மூத்த வாசகர்கள் இதற்கு முன்வர வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.